மஹர் 300 வெள்ளி, சீர்ப்பணம் 10,000 வெள்ளி! மலாய்க் காதலர்கள் படும் பாடு

கோலாலம்பூரில் மலாய் நண்பர் வீட்டுக் கலியாணத்துக்குப் போகாத தமிழர்கள் குறைவு. நெய்ச்சோறு சாப்பிடுகிறோம். முட்டையும் பூவும் வாங்கிக்கொண்டு திரும்புகிறோம். "ஒருநாள் ராஜா"வாக மேடையில் உட்கார அந்த மாப்பிள்ளை பட்ட பாடு தெரியுமா?

"பூ இருக்கிறதாமே?"

காதல் கலியாணமானாலும் முறைப்படி பெண் கேட்க வேண்டும். இதற்கு "மெரிசிக்" என்று பெயர். பெரியவர்கள் பட்டென்று பெண் கேட்க மாட்டார்கள். "உங்கள் தோட்டத்தில் ஒரு பூ இருக்கிறதாமே, யாராவது கேட்டு வந்தார்களா?" என்பார்கள். பையனும் பெண்ணும் நாலு வருஷம் பழகியிருந்தாலும் பேச்சு இப்படித்தான் தொடங்கும்!

இரண்டு கணக்கு

அப்புறம் பணப் பேச்சு. இங்கே கொடுக்க வேண்டியவர் மாப்பிள்ளை. மார்க்கப்படி பெண்ணுக்குத் தருவது மஹர். சிலாங்கூரில் 300 வெள்ளி. ஜொகூரில் 22 வெள்ளி 50 காசுதான்!

ஆனால் "ஹந்தாரான்" என்று இன்னொரு தொகை உண்டு. இது வழக்கம்தான், மார்க்கக் கடமை அல்ல. 10,000 வெள்ளி என்பது சர்வசாதாரணம். பெண் பட்டதாரி என்றால் தொகை ஏறும். பெண் வீட்டு விருந்துச் செலவுக்கு இந்தப் பணம்தான் கைகொடுக்கிறது.

முன்பு கம்பத்து ஜனங்களே கூடிச் சமைத்தார்கள். இப்போது மண்டபம், சமையல் காண்டிராக்ட். செலவு எகிறுகிறது. பையன் முழி பிதுங்குகிறான். கலியாணம் தள்ளிப்போகிறது.

தனியே இருந்தால் வழக்கு!

காத்திருக்கும் காலத்தில் ஜோடி ஓர் அறையில் தனியாக இருந்தால் ஷரியா சட்டப்படி குற்றம். "கல்வாத்" வழக்கு பாயும். ஆகவே கடைவளாகம், சாப்பாட்டுக் கடை என்று கூட்டத்துக்கு நடுவில்தான் காதல்!

கொரோனா காட்டிய வழி

2020-ல் கொரோனா வந்தது. விருந்துக்குத் தடை. விரல்விட்டு எண்ணக்கூடிய ஆட்களோடு நிக்காஹ் நடந்தது. பெண்ணின் தகப்பனார், இரண்டு சாட்சிகள், மஹர். அவ்வளவுதான். அந்தக் கலியாணங்களும் செல்லுபடியாயின!

300 வெள்ளியில் முடிகிற காரியத்துக்குப் பிள்ளைகளை எத்தனை வருஷம் காக்க வைப்பது? பதில் சொல்ல வேண்டியவர்கள் பெற்றோர்கள்தான்.