படுதாவை விலக்கினால் குறத்தி!

1931 அக்டோபர் 31. சென்னை கினிமா சென்ட்ரல் தியேட்டர். தமிழ் பேசும் படம் என்று விளம்பரம் செய்யப்பட்ட ‘காளிதாஸ்’ பார்க்க முண்டியடித்து உள்ளே போனவர்களுக்கு இன்னொரு விருந்தும் காத்திருந்தது. திரையில் ஒரு குறத்தி வந்தாள், பாடினாள், ஆடித் தீர்த்தாள்! அந்தக் குறத்தி டி.பி.ராஜலட்சுமி. ‘காளிதாஸ்’ கதாநாயகியும் அவரேதான்!

தென்காசிக்காரர்களுக்கு இதைக் கேட்டதும் புல்லரிக்க வேண்டாமா? தென்காசியிலிருந்து குற்றாலம் போகிற வழியில் இருக்கிற மேலகரம், திரிகூடராசப்பக் கவிராயரின் ஊர். அவர் எழுதிய குறவஞ்சி நாடகத்தில்தான் குறத்தி சிங்கி தன் மலையின் பெருமையை மூச்சுவிடாமல் அளந்துவிட்டு, நாயகி வசந்தவல்லியின் கையைப் பிடித்துக் குறி சொல்கிறாள். அதில் மகிழ்ந்துபோன மதுரை நாயக்க மன்னர் கவிராயருக்கு நிலமே எழுதிக் கொடுத்தார். அதற்குப் பெயர் குறவஞ்சி மேடு. ராஜலட்சுமி ஆடியது நாடகக் கொட்டகைகளில் ஜனங்கள் விசிலடித்துக் கேட்ட குறத்தி டான்ஸ். ஆனாலும் தமிழ்க் குறத்திகளில் பேர்போனவள் நம் மலைக்காரி சிங்கிதானே!

சரி, மேடைக்குப் பின்னால் எட்டிப் பார்ப்போம். 1911இல் திருவையாற்றில் பிறந்தவர் ராஜலட்சுமி. விவரம் தெரியாத வயதில் கல்யாணம், அதுவும் நிலைக்கவில்லை. வீட்டில் வறுமை. பால் மணம் மாறாத வயதிலேயே திருச்சியில் சாமண்ணா நாடகக் கம்பெனியில் சேர்ந்துவிட்டார். மைக் இல்லாத காலம் அது. கடைசியில் உட்கார்ந்திருக்கும் தரை டிக்கெட்காரர் காதுக்கும் பாட்டு போய்ச் சேர வேண்டும். தென்காசிக்குப் பக்கத்துச் செங்கோட்டைக்காரரான எஸ்.ஜி.கிட்டப்பா உச்சஸ்தாயியில் ஊரையே கட்டிப்போட்டதும் இதே காலத்தில்தான். அப்படிப்பட்ட பாட்டுக்காரர்கள் நடுவில் ஒரு பெண் நின்று பெயர் வாங்குவது லேசான காரியமா!

பிறகு நடந்ததுதான் விசித்திரம். 1929இல் ‘கோவலன்’ படத்தில் நடித்தார். மௌனப் படம்! பாடிப் பிழைத்தவருக்குக் குரலே வேண்டாம் என்றது காமிரா. கடல் கடந்து பிரான்சிலும் இந்தக் கூத்து நடந்திருக்கிறது. குரலால் உலகை மயக்கிய நாடக ராணி சாரா பெர்னார், 1912இல் எலிசபெத் ராணியாக மௌனப் படத்தில் வந்தார். அதைவிடச் சுவையானது 1900 பாரிஸ் கண்காட்சி. ஹாம்லெட்டாக ஆண் வேடம் கட்டி அவர் வாள் வீசிய குறும்படத்துக்கு, கத்தி மோதும் சத்தத்தை ஃபோனோகிராஃபில் ஓட்டிக் காட்டினார்கள். படம் பேசியே ஆக வேண்டும் என்ற தவிப்பு அப்போதே தொடங்கிவிட்டது!

அந்தத் தவிப்பு தமிழில் தீர்ந்தது பம்பாயில். ‘காளிதாஸ்’ படத்தைத் தயாரித்தவர் அர்தேஷிர் இரானி, இயக்கியவர் எச்.எம்.ரெட்டி. ‘ஆலம் ஆரா’ படத்துக்குப் போட்ட செட்டுகளிலேயே வேலையை முடித்தார்கள். கதாநாயகி தமிழில் பேச, கதாநாயகன் தெலுங்கில் பதில் சொன்னார். காளிதாசன் கதைக்கு நடுவே தியாகராஜர் கீர்த்தனை, கூடவே காந்தியின் ராட்டையைப் புகழும் பாட்டு! வெள்ளைக்காரன் ஆட்சியில் இதைப் பாட எத்தனை துணிச்சல் வேண்டும்! பிலிம் பெட்டி சென்னை வந்து இறங்கியபோது ஜனங்கள் பூத்தூவி, தேங்காய் உடைத்து, சூடம் கொளுத்தி ஊர்வலமாகக் கொண்டுபோனார்கள். சாமி புறப்பாட்டுக்குச் செய்கிற மரியாதை அத்தனையும் ஒரு தகரப் பெட்டிக்கு!

‘சினிமா ராணி’ என்று பட்டம் கிடைத்த பிறகும் அவர் ஓயவில்லை. 1936இல் ‘மிஸ் கமலா’: கதை, தயாரிப்பு, இயக்கம் எல்லாம் அவரே. தமிழில் படம் இயக்கிய முதல் பெண்! கவிராயரின் சிங்கி வசந்தவல்லிக்குத்தான் குறி சொன்னாள். இந்தக் குறத்தியோ தன் கையைத் தானே பார்த்து, தன் விதியைத் தானே சொல்லிக்கொண்டவர்.

‘காளிதாஸ்’ பிரதி இன்று கிடைக்காது என்பதை நினைத்தால் வயிறு எரிகிறது. ஆனால் குற்றாலத்தில் ஆண்டுதோறும் சாரல் விழா நடக்கிறது. மேடையும் கூட்டமும் தயார். ஒரு சாயங்காலத்தை ராஜலட்சுமி பெயரில் ஒதுக்கி, ஆர்மோனியமும் மிருதங்கமும் வைத்து, பழைய கொட்டகைக் குறத்தி டான்ஸை ஆடச் சொல்லுங்களேன். முதல் வரிசையில் வந்து உட்கார நான் தயார்!