காண்பவரும் காணப்படுபவரும்

2013 ஜூலையில் தில்லி மக்களைத் திடுக்கிட வைத்த செய்தி ஒன்று நாளேடுகளில் வெளிவந்தது. மெட்ரோ ரயில் பெட்டிகளில் நெருக்கமாக இருந்த இளம் இணையர்களின் காட்சிகள் ஆபாச இணையதளங்களில் இடம் பெற்றிருந்தன. பாதுகாப்புக்காகப் பொருத்தப்பட்ட காமிராக்களின் பதிவுகளும் அவற்றில் அடங்கும் எனக் கூறப்பட்டது. காவல்துறை வழக்குப் பதிவு செய்தது. காட்சிகள் வெளியே சென்ற வழி எது என்பதே பேச்சாக இருந்தது. அவற்றைக் கண்டு களித்தவர்களைப் பற்றி அதிகம் பேச்சில்லை.

பலர் முன்னிலையில் நடந்ததைப் பார்ப்பதில் தவறு என்ன என்று கேட்கலாம். ரயிலில் எதிரே அமர்ந்திருப்பவரும் பார்க்கிறார். ஆனால், அவரும் பார்க்கப்படுகிறார். அவர் உற்று நோக்கினால் இணையர் விலகி அமர்வர், அல்லது அவரை முறைப்பர். நம் ஊர்த் திண்ணையில் அமர்ந்து தெருவை நோக்குபவரின் நிலையும் இதுவே. அவர் முகம் தெருவுக்குத் தெரியும். (திண்ணையில் வம்புக்குக் குறைவில்லை என்பது வேறு.) திரையின் முன் அமர்ந்தவரின் முகமோ எவருக்கும் தெரியாது. காணப்படுபவருக்கு விலகவும் மறுக்கவும் வழியில்லை. சில நிமிடங்களில் மறைய வேண்டிய காட்சி ஆண்டுக்கணக்கில் நிலைத்துவிடுகிறது.

அந்தரங்கம் ஓர் அடிப்படை உரிமை என்று புட்டசாமி வழக்கில் உச்ச நீதிமன்றத்தின் ஒன்பது நீதிபதிகள் 2017 ஆகஸ்ட் 24 அன்று ஒருமனதாகத் தீர்ப்பளித்தனர். பொது இடத்தில் இருப்பதனாலேயே ஒருவர் இவ்வுரிமையை இழப்பதில்லை என்றும் அத்தீர்ப்பில் விளக்கப்பட்டது.

எனினும் சட்டத்தின் கை பெரும்பாலும் படம் எடுப்பவரையும் பரப்புபவரையுமே எட்டுகிறது. தகவல் தொழில்நுட்பச் சட்டத்தின் 66-இ பிரிவு, ஒருவரது உடலின் மறைவிடங்களை அவர் இசைவின்றிப் படமெடுத்தல், வெளியிடுதல், அனுப்புதல் ஆகியவற்றுக்கு மூன்றாண்டு வரை சிறைத்தண்டனை விதிக்கிறது. 2013-இல் இந்தியத் தண்டனைச் சட்டத்தில் சேர்க்கப்பட்டு, இப்போது பாரதிய நியாய சன்ஹிதையின் 77-ஆம் பிரிவாக உள்ள விதி, மறைந்திருந்து பார்ப்பதையும் குற்றமாக்குகிறது. ஆனால், பிறர் காணமாட்டார்கள் என்று ஒரு பெண் நம்பக்கூடிய சூழலுக்கே அது பொருந்தும். ரயில் இருக்கையை அதற்குள் அடக்குவது கடினம். 2023-ஆம் ஆண்டின் டிஜிட்டல் தனிநபர் தரவுப் பாதுகாப்புச் சட்டமோ, தனிமனிதர் தம் சொந்தப் பயன்பாட்டிற்குக் கையாளும் தரவுகளைத் தன் வரம்பிலிருந்து விலக்கியுள்ளது.

ஆகவே, வீட்டில் தனியே அமர்ந்து பார்ப்பவரிடம் எந்தச் சட்டமும் கணக்குக் கேட்பதில்லை. அவரோ, 'நான் எடுக்கவில்லை, பரப்பவில்லை' என்கிறார். பொருளாதாரம் பயின்றவர்கள் இவ்வாதத்தை எளிதில் ஏற்கமாட்டார்கள். இத்தகைய தளங்களின் வருவாய் பார்வையாளர் எண்ணிக்கையைச் சார்ந்தது. ஒவ்வொரு பார்வையும் அடுத்த காட்சிக்கான தேவையைப் பெருக்குகிறது.

அந்தரங்கக் காட்சிகளை, சம்பந்தப்பட்டவர் முறையிட்ட 24 மணி நேரத்திற்குள் தளங்கள் நீக்க வேண்டும் என 2021-ஆம் ஆண்டு விதிகள் கெடு வைத்தன. முறையிடுவதற்கு, தம் படம் உலவுவதை அவர் முதலில் அறிய வேண்டும். பெரும்பாலும் அதைக் கடைசியாக அறிபவர் அவர்தாம்.