மறப்பதா, பாராதிருப்பதா? – இராஜரத்தினத்தின் எழுத்தும் பணியும்

மாணவர்களே, பள்ளிச் சபைகூடலில் ருக்குன் நெகாராவை நாம் முழங்குகின்றோம். அஃது 1970ஆம் ஆண்டில் அறிவிக்கப்பெற்றது. அதற்கு நான்காண்டு முன்னரே அண்டை நாடான சிங்கப்பூரின் பள்ளிகளில் ஓர் உறுதிமொழி ஒலித்தது. அதன் வரைவை எழுதியவர் மலாயாவின் இரப்பர்த் தோட்டத்தில் வளர்ந்த ஒரு தமிழர். அவரே சின்னத்தம்பி இராஜரத்தினம்.

1915ஆம் ஆண்டு யாழ்ப்பாணத்து வட்டுக்கோட்டையில் பிறந்த அவர், கைக்குழந்தையாகவே மலாயாவுக்குக் கொண்டுவரப்பட்டார். தந்தையார் தோட்ட மேற்பார்வையாளர். சிரம்பான், போர்ட்டிக்சன் வட்டாரத்தில் வளர்ந்து, கோலாலம்பூர் விக்டோரியா கல்விக்கூடத்திலும் சிங்கப்பூர் இராஃபிள்ஸ் கல்விக்கூடத்திலும் பயின்றார். சட்டம் கற்க இலண்டன் சென்றார், போர் மூண்டது, படிப்பு நிறைவுறவில்லை. பேனாவே வாழ்க்கைத் துணையாயிற்று. அங்கே அவர் எழுதிய சிறுகதைகளும் கட்டுரைகளும் ஆங்கில இதழ்களில் வெளிவந்தன.

போருக்குப்பின் திரும்பியவர், மலாயா டிரிபியூன், சிங்கப்பூர் ஸ்டாண்டர்டு, ஸ்டிரெய்ட்ஸ் டைம்ஸ் ஆகிய நாளேடுகளில் பணியாற்றினார். குடியேற்ற ஆட்சியையும் இனவாதத்தையும் ஒருங்கே எதிர்த்தது அவர் எழுத்து. ஆயினும் நாளேடு படித்தவர்க்கே எட்டும். எழுதப் படிக்கத் தெரியாதவர் செவிக்கும் எட்டுவது வானொலி. மலாயா விடுதலை பெற்ற 1957ஆம் ஆண்டில், உருவாகிவரும் ஒரு தேசத்தைப் பற்றி அவர் தொடர் வானொலி நாடகம் எழுதினார். பல இனத்தார் ஒரே மக்களாக இயலுமா என்பதே அதன் கேள்வி. விடையைத் தாமே கூறாமல், மாறுபட்ட கருத்துடையோரை எதிரெதிரே நிறுத்தி வாதிடச் செய்தார். எதிர்க்கருத்துக்கும் உரிய குரல் கொடுக்க நாடகம் அவருக்கு இடமளித்தது.

1959இல் தேர்தலில் வென்று பண்பாட்டு அமைச்சரானார். 1965இல் சிங்கப்பூர் தனிநாடானபோது அதன் முதல் வெளியுறவு அமைச்சரும் அவரே. அவ்வாண்டு செப்டம்பர் 21ஆம் நாள் ஐக்கிய நாடுகள் அவையில் அந்நாடு இடம்பெற்றது. 1967 ஆகஸ்டு 8ஆம் நாள் பாங்காக்கில் ஆசியான் உடன்பாட்டில் சிங்கப்பூரின் சார்பில் ஒப்பமிட்டார். மலேசியாவின் சார்பில் ஒப்பமிட்டவர் துன் அப்துல் ரசாக். பிரிவுக்கு இரண்டாண்டு கழிந்து இரு நாடுகளும் ஒரே மேசையில் அமர்ந்தமை சிறிய செய்தியன்று.

இனி அந்த உறுதிமொழிக்கு வருவோம். 1966ஆம் ஆண்டு அவர் அனுப்பிய ஆங்கில வரைவில், இனம், மொழி, சமயம் ஆகிய வேறுபாடுகளை மக்கள் ‘மறக்க வேண்டும்’ என்னும் பொருள்படும் சொல் இருந்தது. பின்னர் பிரதமர் லீ குவான் இயூ அவ்வரைவைச் செப்பனிட்டார். இறுதி ஆங்கில வடிவில் ‘மறத்தல்’ இல்லை. ‘பொருட்படுத்தாமல்’ என்னும் பொருளுடைய சொல்லே நின்றது.

இவ்விரண்டும் ஒன்றா? மொழியை மறந்தால் தாய்மொழிப் பள்ளிக்கு வேலையில்லை. மொழியைக் கொண்டு ஆளை அளவாதிருந்தால், தமிழும் வாழும், அயலாரும் நம்மவராவர். இராஜரத்தினம் தம் நூல்களைத் தமிழில் எழுதியவரல்லர். ஆதலால் அவர் நமக்கு அயலார் என்று ஒதுக்குவதும், தமிழர் என்பதனால் மட்டும் போற்றுவதும் அவர் கேள்வியைத் தட்டிக்கழிப்பதே ஆகும்.

2006ஆம் ஆண்டு பிப்ரவரி 22ஆம் நாள் அவர் மறைந்தார். ஆசிரியப் பெருமக்கள் இவ்விரு சொற்களையும் கரும்பலகையில் எழுதி, மாணவரை இரு பக்கமாய் வாதிடச் செய்யலாம். ஆயர் தாவார் வகுப்பறை ஒன்றில் அவ்வாதம் எழுமாயின், அவர் வானொலிக்கு எழுதிய நாடகம் இன்னும் முடியவில்லை என்றே கொள்ளலாம்.