பத்திர மோசடிப் புகார்: போலீஸ் விசாரணையைக் கோர்ட் கவனிக்கும்

உரமும் விதையும் பற்றிப் பேசும் இப்பகுதியில் வழக்கு விவகாரம் எதற்கு என்று விவசாயப் பெருமக்கள் கேட்கலாம். நிலமே கைவிட்டுப் போனால் உரத்துக்கு என்ன வேலை? பயிர்க்கடனுக்காக வில்லங்கச் சான்று போடும்போதுதான், தம் பெயரில் வேறொருவர் கைநாட்டு வைத்துக் கிரையம் செய்து கொடுத்திருப்பது பலருக்குத் தெரிய வருகிறது.

காவல் நிலையம் சென்றால், "இது சிவில் தகராறு" என்று திருப்பி அனுப்புவதுண்டு. வரப்புத் தகராறுக்கும் பாகப்பிரிவினைத் தகராறுக்கும் இப்பதில் சரியே. ஆள் மாறாட்டம் செய்து பத்திரம் பதிவது அப்படியல்ல, அது குற்றம். புகாரைப் பதிய மறுத்தால், மாவட்டக் காவல் கண்காணிப்பாளருக்குத் தபாலில் அனுப்பி ரசீதைப் பத்திரப்படுத்த வேண்டும். அதற்கும் பலனில்லையெனில், பிரமாணப் பத்திரத்துடன் குற்றவியல் நடுவரிடம் மனுச் செய்யலாம். 1.7.2024 முதல் நடப்பிலுள்ள பாரதிய நாகரிக் சுரக்ஷா சன்ஹிதாவின் 175(3) பிரிவுப்படி, அவர் விசாரணைக்கு உத்தரவிட முடியும். கண்காணிப்பாளருக்கு அனுப்பாமல் நேரே கோர்ட்டுக்குப் போனால் மனு நிற்காது.

முதல் தகவல் அறிக்கை கைக்கு வந்ததும் வேலை முடிந்தது எனப் பலர் இருந்துவிடுகின்றனர். நாற்று நட்டபின் வயல் பக்கமே போகாதிருப்பதற்கு இது சமம். விசாரணை எந்த அளவில் உள்ளது என்பதை 90 நாட்களுக்குள் புகார்தாரருக்குப் போலீசார் தெரிவிக்க வேண்டும் என்பது இப்போதைய சட்டம். விசாரணை முறையாக நடக்கவில்லையெனில், உடனே உயர் நீதிமன்றம் செல்லாமல் நடுவரையே அணுகலாம். அதைக் கவனிக்கும் அதிகாரம் அவருக்குண்டு என்று உச்ச நீதிமன்றம் 2007-இல் கூறியுள்ளது.

வழக்கை மேற்கொண்டு நடத்தாமல் போலீசார் முடித்துவிட்டால், ஆர்.சி.எஸ். நோட்டீஸ் என்ற தாள் வரும். இதைக் கண்டு மனம் சோர்ந்து விடுவோரே அதிகம். உண்மையில் அது கடைசி முடிவன்று. புகார்தாரரைக் கேட்காமல் இவ்வறிக்கையை நடுவர் ஏற்கலாகாது என்று 1985-லேயே தீர்ப்பாகியுள்ளது. ஆட்சேப மனு கொடுக்க வேண்டும். அதில் அதிகாரியைத் திட்டி எழுதுவதால் பயனில்லை. செய்யாமல் விட்ட வேலைகளையே எழுத வேண்டும். சார்பதிவாளர் அலுவலகத்தின் பெருவிரல் ரேகைப் பதிவேட்டை வாங்கி உங்கள் ரேகையுடன் ஒப்பிட்டார்களா? சாட்சிக் கையெழுத்துப் போட்டவர்களையும் பத்திரம் எழுதியவரையும் விசாரித்தார்களா? கிரையத் தொகை யார் கைக்குப் போயிற்று? இவற்றில் ரேகை ஒப்பீடே பலமான சான்று என்பது என் கருத்து. ஆள் மாறினாலும் ரேகை மாறாது.

குறை இருப்பதாகக் கண்டால் நடுவர் மேல் விசாரணைக்கு உத்தரவிடுவார். குற்றப்பத்திரிகை தாக்கலான பிறகு இந்த அதிகாரம் உண்டா என்பதில் நெடுநாள் குழப்பம் இருந்தது. குஜராத்தின் சூரத் மாவட்டத்தில் ஒரு விவசாய நிலத்தைப் பற்றிய மோசடி வழக்கில், குற்றச்சாட்டு வனையப்படும் வரை உண்டு என 2019-இல் உச்ச நீதிமன்றம் முடிவு கட்டியது. ஆனால் 'இன்னார் மீது குற்றப்பத்திரிகை போடு' என்று போலீசுக்கு நடுவர் ஆணையிட முடியாது. அறிக்கையை ஏற்காமல் வழக்கைத் தாமே கோப்பில் எடுத்துக்கொள்ளலாம். விசாரணையை வேறு அமைப்புக்கு மாற்றுவது உயர் நீதிமன்றத்தின் வேலை.

மற்றொன்று. போலீஸ் வழக்கில் எதிரி சிறை சென்றாலும், போலிப் பத்திரம் தானாக ரத்தாகிவிடாது. அதற்குச் சிவில் வழக்கு வேண்டும். பத்திரத்தை ரத்து செய்யக் கோருவதற்குக் கெடு, விவரம் தெரிந்த நாளிலிருந்து 3 ஆண்டுகள். போலீஸ் வழக்கு முடியட்டும் என்று காத்திருந்து இக்கெடுவைத் தவற விடுவோர் உண்டு. இரண்டையும் ஒன்றாகவே நடத்த வேண்டும்.

வக்கீல் வைக்க வசதியில்லாதோர், கோர்ட் வளாகத்திலுள்ள சட்டப் பணிகள் குழுவில் இலவச உதவி கேட்கலாம். பெண்களுக்கும் தாழ்த்தப்பட்ட, பழங்குடி வகுப்பினருக்கும் இதற்கு வருமான வரம்பு இல்லை. போகும்போது வில்லங்கச் சான்று, போலிப் பத்திரத்தின் சான்றிட்ட நகல், மூலப் பத்திரம், பட்டா, அடங்கல், தபால் ரசீது ஆகியவற்றை எடுத்துச் செல்லவும். மூலப் பத்திரத்தைக் காட்டலாம். நகலை மட்டும் கொடுத்துவிட்டு வரவும்.