துப்பறியும் நான்கு தோழிகள்



நான்கு பிள்ளைகளும் ஒரு நாயும் புதையல் தேடும் கதையை இங்கிலாந்தின் எனிட் பிளைட்டன் 1942-இல் எழுதினார். நம் நாட்டிலும் அப்படியொரு கூட்டணி உண்டு. ஆனால், நால்வருமே பெண்கள்! காலு, மாலு, புலு, டுலு. விடுதியில் தங்கிப் படிக்கும் இந்தத் தோழிகளுக்கு மர்மம் என்றால் போதும், துப்புத் துலக்காமல் விடமாட்டார்கள்.

வங்க மொழியில் இவர்களைப் படைத்தவர் நளினி தாஸ். கொல்கத்தா பெத்யூன் கல்லூரியின் முதல்வராக இருந்தவர். திரைமேதை சத்யஜித் ராயின் அத்தை மகள். தாத்தா உபேந்திரகிஷோர் 1913-இல் தொடங்கிய ‘சந்தேஷ்’ சிறுவர் இதழின் ஆசிரியர்களுள் ஒருவராகவும் இருந்தவர்.

கந்தர்வக்கோட்டைச் சுட்டிகளே, நம்ம ஊர் முந்திரிக்காட்டில் ஒரு மர்மக் கதை நடந்தால் எப்படியிருக்கும்? இந்த விடுமுறையில் எழுதித்தான் பாருங்களேன்!