கூடைப்பந்துப் பயிற்சிக்கு வழிவகுத்த ஃபாக் ஆலன்

கூடைப்பந்து விளையாடுவதற்கு உரியதே தவிர, பயிற்றுவிப்பதற்கு உரியதன்று என்பது அதனை 1891-இல் உருவாக்கிய ஜேம்ஸ் நைஸ்மித்தின் கருத்து. அமெரிக்காவின் கான்சாஸ் பல்கலைக்கழகத்தில் அவரிடமே விளையாடிய ஃபாக் ஆலன் (1885–1974) அக்கருத்தைப் பொய்யாக்கினார்.

கான்சாஸ் அணிக்கு 39 பருவங்கள் பயிற்சியளித்து, 590 வெற்றிகளை ஈட்டித் தந்தார். பந்தைத் தட்டியபடி நகர்வதைக் கட்டுப்படுத்தும் விதி 1927-இல் முன்மொழியப்பட்டபோது, பயிற்சியாளர்களைத் திரட்டிச் சங்கம் அமைத்தார். 1936 பெர்லின் ஒலிம்பிக்கில் கூடைப்பந்து இடம்பெறவும் பாடுபட்டார். 1952-இல் அவரது அணி தேசியக் கல்லூரிப் பட்டத்தை வென்றது.

அவர் தேடிச் சேர்த்த வில்ட் சேம்பர்லின் முதன்மை அணியில் களமிறங்கும் முன்பே, 70 வயது வரம்பு காரணமாக 1956-இல் ஓய்வுபெற நேர்ந்தது. இன்று அப்பல்கலைக்கழக அரங்கம் ஆலனின் பெயரையும், அதனுள் இருக்கும் ஆடுகளம் நைஸ்மித்தின் பெயரையும் தாங்கி நிற்கின்றன.