எள்ளலும் இளிவும்: 'சர்வர் சுந்தரம்' காட்டும் மெய்ப்பாட்டு இயைபு

மெய்ப்பாடு எட்டனுள் நகையை முதற்கண் வைத்த தொல்காப்பியனார், அதனை அடுத்து அழுகையை நிறுத்தினார். இவ்விரண்டும் தம்முள் மாறுபட்டன ஆதலின், நகை விளைக்கும் நாடகம் வேறு, அவலம் விளைக்கும் நாடகம் வேறு எனக் கருதுவார் பலர். இரண்டும் கலந்து வருமிடத்து, காண்போர் அயர்வு நீங்கும்பொருட்டு நகை இடையே செருகப்பட்டது என்பர். அக்கருத்து எல்லா நாடகத்திற்கும் பொருந்துவதன்று. மேடையினின்று திரைக்கு வந்த 'சர்வர் சுந்தர'த்தைக் கொண்டு இதனை ஈண்டு விளக்குவாம்.

இந்நாடகத்தை ஆக்கியவர் கே. பாலசந்தர் (1930–2014). சென்னைக் கணக்காய்வுத் தலைவர் அலுவலகத்தில் பணிபுரிந்துகொண்டே நாடகக்குழு நடத்தி வந்த அவர், நாகேசைத் தலைமைப் பாத்திரத்தில் அமைத்து இதனை மேடையேற்றினார். பின்னர், ஏ.வி.எம். நிறுவனத்தார் இதனைப் படமாக்கினர். கிருஷ்ணன்–பஞ்சு இருவரும் இயக்க, 1964ஆம் ஆண்டு திசம்பர்த் திங்களில் படம் வெளிவந்தது. அதுகாறும் பெரும்பாலும் துணைப்பாத்திரமாகவே நின்ற நகைச்சுவை நடிகன், இதன்கண் கதைத்தலைவன் ஆயினான்.

கதை சுருங்கியது. ஓட்டலில் பரிமாறும் ஊழியன் சுந்தரம். இவ்வூழியரைச் 'சர்வர்' என்றல் உலகவழக்கு. அவன் இராதையை விரும்புகின்றான். அவளோ அவன் நண்பன் இராகவனை விரும்புகின்றாள். அந்நண்பன் துணையால் திரையுலகு புகுந்து சுந்தரம் பெரும்புகழ் எய்துகின்றான். ஆயினும், இராதையின் உள்ளம் தன்பால் இல்லை என்பதனை அறிகின்றான். தொழிலின் நெருக்கத்தால், தாயின் இறுதிப்பொழுதில் உடனிருக்கவும் இயலாதவன் ஆகின்றான். முடிவில், புகழைத் துறந்து பழைய பரிமாறும் தொழிலுக்கே மீள்கின்றான்.

இனி, இதனை மெய்ப்பாட்டியல் கொண்டு நோக்குவாம். நகைக்கு நிலைக்களனாக ஓதப்பட்ட நான்கனுள் ஒன்று எள்ளல்; அழுகைக்கு ஓதப்பட்ட நான்கனுள் ஒன்று இளிவு. எள்ளல், பிறரைத் தான் எள்ளுதலும், பிறர் எள்ளத் தான் நகுதலும் என இருவகைப்படும் என்பது உரையாசிரியராகிய பேராசிரியர் கொள்கை. இளிவாவது பிறரால் இகழப்பட்டு எளியனாதல். இவ்விரண்டனையும் ஒருங்கு வைத்து நோக்கின் ஓர் உண்மை புலனாகும். எள்ளுவான் பக்கம் நின்று காண நகையாவது யாதோ, எள்ளப்படுவான் பக்கம் நின்று காண அழுகையாவதும் அதுவே. நிகழ்ச்சி ஒன்று, நிலைக்களன் இரண்டு.

சுந்தரத்தின் வாழ்க்கை இவ்விரு நிலைக்களன்களும் ஒருங்கு பொருந்த அமைந்தது. அவன் ஓட்டலில் இடறுவதும், அழகனல்லாத தன் முகத்தைத் தானே நகையாடிக்கொள்வதும் நமக்கு நகை தருகின்றன. பிறர் எள்ளுமுன் தானே தன்னை எள்ளிக்கொள்வது எளியவன் தேடிக்கொண்ட காப்பு. இராதை தன்னை விரும்பவில்லை என அவன் உணரும்போது அக்காப்பு உடைகின்றது. முன்னர் நகைத்த அதே முகத்தை நோக்கியே நாம் இரங்குகின்றோம். முகம் மாறிற்றில்லை; நாம் நிற்கும் பக்கமே மாறிற்று. சார்லி சாப்ளினின் 'லைம்லைட்' (1952) என்னும் படத்திலும், முதுமையுற்ற கோமாளி ஒருவன் தான் காத்த நங்கையை இளைஞன் ஒருவனுக்கு விட்டுக்கொடுக்கின்றான். நகைப்பிப்போன் துயரம் ஒரு நாட்டிற்கே உரியதன்று என்பது இதனாற் பெறப்படும்.

மேடையினின்று திரைக்கு வந்தமையால் நேர்ந்த ஆக்கமும் ஈண்டுக் கருதற்பாலது. படத்தில், பாட்டு ஒன்று ஒலிப்பதிவு செய்யப்பெறும் காட்சி உண்டு. எம்.எஸ். விசுவநாதன் இசைக்குழுவை நடத்துவதும் டி.எம். சௌந்தரராசன் பாடுவதும் அதன்கண் காட்டப்பெறுகின்றன. அப்பாட்டிற்குச் சுந்தரம் ஆடும் படப்பிடிப்பும் உடன் காட்டப்பெறுகின்றது. குரல் ஒருவருடையது, ஆட்டம் மற்றொருவருடையது, இன்பம் காண்போருடையது. களிப்பு எங்ஙனம் ஆக்கப்படுகின்றது என்பதனைத் திரை தன் உட்புறத்தையே திறந்து காட்டுகின்றது. இதனைக் கண்டபின், படத்தினுள்ளே சுந்தரத்தைக் கண்டு நகைக்கும் கூட்டத்தோடு நாம் முழுதும் ஒன்ற இயலாது. அவர் காணாத துயரை நாம் காண்கின்றோம். எள்ளுவார் நடுவில் இருந்துகொண்டே எள்ளப்படுவான் பக்கமும் நிற்கும் இந்நிலையைத் திரையமைப்பு நமக்கு நல்குகின்றது.

முடிவில் சுந்தரம் பழைய தொழிலுக்கு மீளுதலைத் தோல்வி என்பாரும் உளர். அது பொருந்தாது. தன்னை எள்ளவே கூடும் உலகின் பாராட்டினும், உழைத்துண்ணும் வாழ்வு மேலானது என அவன் தேர்கின்றான். இளிவினின்று தோன்றிய அழுகை, இத்தேர்வினால் பெருமிதத்தின் எல்லையைத் தொடுகின்றது.

திரைப்படம் என்றும் நகைச்சுவை என்றும் கருதி இத்தகைய படைப்புகளை ஆய்வெல்லைக்குப் புறம்பாக வைத்தல் தகாது. மெய்ப்பாட்டியல் பழஞ்செய்யுட்கு மட்டும் உரிய அளவுகோலாயின், அது நூலகத்துள் அடங்கும். நாம் கண்டு நகைத்த ஒருவனுடைய துயரையும் அளக்க வல்லதாயின், அது வாழும் இலக்கணமாம். முதுகலை மாணவர் இவ்வழியில் பிற நாடகப் படங்களையும் ஆராய்வாராக.